வீங்கிய கை

அந்த மனிதரின் கையை இதுவரை எத்தனை முறை பார்த்திருப்பேன் என்று எனக்கே தெரியாது. கறுப்பு வெள்ளைப் படம், ஐம்பத்து மூன்று நிமிடம் ஓடும். கடைசிப் பகுதியில் சபையின் போதகர் கையில் ஒரு பாம்பு இருக்கிறது. அது கடித்துவிடுகிறது. அவர் அலறவில்லை, யாரும் சிதறி ஓடவில்லை. ரத்தம் வருகிறது. கையைப் பார்க்கிறார், பேசிக்கொண்டே இருக்கிறார். நம் கண்முன்னாலேயே கை வீங்குகிறது. ஏறக்குறைய அந்தக் கையோடு படம் முடிந்துவிடுகிறது.

'ஹோலி கோஸ்ட் பீப்பிள்' என்பது படத்தின் பெயர். அமெரிக்காவில் மேற்கு வர்ஜீனியா மாநிலத்தின் ஸ்கிராபிள் கிரீக் என்ற மலைப் பள்ளத்தாக்கில் இருந்த ஒரு சின்னப் பெந்தெகொஸ்தே சபையைப் பற்றியது. பரிசுத்த ஆவி மனிதர்மேல் இறங்குவதை நம்பும் கிறிஸ்தவப் பிரிவு அது. 1967ல் வந்தது. எடுத்த பீட்டர் அடேருக்கு அப்போது இருபத்தைந்து வயதுகூட ஆகவில்லை. தொடக்கத்தில் கொஞ்சம் விளக்கம் வருகிறது. அதன்பிறகு படம் அந்த மக்களின் வாயையும் கையையும் முகத்தையும் நம்பியே நகர்கிறது. இவர்கள் சொல்வது சரி என்றும் தப்பு என்றும் யாரும் நமக்குச் சொல்வதில்லை. அடேர் பத்து ஆண்டு கழித்து, ஒருபாலீர்ப்பு கொண்டவர்களைக் கேமரா முன்னால் உட்காரவைத்து அவர்கள் வாழ்க்கையை அவர்களையே சொல்லவைத்தும் ஒரு படம் எடுத்தார். அதுவும் ஊர் ஏளனம் செய்தவர்களின் பக்கத்தில் போய் உட்கார்ந்து கேட்ட படம்தான். பதிப்புரிமைச் சிக்கல் இல்லாததால் பாம்புப் படம் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது.

என்னைப் போன்ற ஒருவன் இந்தப் படத்தைப் பார்ப்பதில் ஒரு தனிச் சங்கடம் உண்டு. நான் பெந்தெகொஸ்தே வீட்டுப் பிள்ளை. தூத்துக்குடி மாவட்டத்தில் தேரிக்காட்டை ஒட்டிய ஊர். ஓலைக் கொட்டகைச் சபை, மணல் தரை, அதன்மேல் பாய். ஆண்கள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம். ஆராதனை சூடு பிடிக்கும்போது டிரம்மும் கஞ்சிராவும் கைதட்டலும் ஒன்றாகச் சேர்ந்துகொள்ளும். யாரோ ஒரு அக்கா அந்நியபாஷையில், ஆவி தருவதாக நாங்கள் நம்பும் புரியாத மொழியில், பேச ஆரம்பிப்பார். இன்னொருவருக்குப் பரிசுத்த ஆவியின் அபிஷேகம் இறங்கி உடம்பு குலுங்கும். சின்னப் பிள்ளைகள் நாங்கள் அம்மா மடியில் தூங்கிவிடுவோம். அத்தனை சத்தத்துக்கு நடுவிலும் அப்படி ஒரு நல்ல தூக்கம் வரும்.

முதன்முறை பார்த்தபோது, பாம்புப் பெட்டி திறக்கும் வரைக்கும் நான் எங்கள் சபையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒவ்வொருவராக எழுந்து சாட்சி சொல்கிறார்கள். பரிசுத்த ஆவியைப் பெற்ற அனுபவத்தைச் சொல்கிறார்கள். அந்த உடல் நடுக்கமும், கண்மூடிய முகத்தில் வரும் அந்த அமைதியும் எனக்குத் தெரிந்தவை. ஆங்கிலம் தெரியாத என் அம்மாவுக்குப் போட்டுக் காட்டினாலும் அங்கே என்ன நடக்கிறது என்பது புரியும். அப்புறம் பாம்பு வெளியே வருகிறது. நாலைந்து பேர் கை மாற்றி வாங்குகிறார்கள். ஒருவர் கொத்தாகத் தூக்குகிறார். அதுவரை வீடாக இருந்த இடம் சட்டென்று அந்நியமாகிவிட்டது.

ஆனால் அது அந்நியம் இல்லை என்பதைத்தான் இங்கே சொல்ல வருகிறேன். அவர்கள் கையில் பாம்பைக் கொடுத்த வசனம் எங்கள் சபையிலும் உண்டு. மாற்கு 16ஆம் அதிகாரம், 17, 18 வசனங்கள். "விசுவாசிக்கிறவர்களால் நடக்கும் அடையாளங்களாவன: என் நாமத்தினாலே பிசாசுகளைத் துரத்துவார்கள், நவமான பாஷைகளைப் பேசுவார்கள், சர்ப்பங்களை எடுப்பார்கள், சாவுக்கேதுவான யாதொன்றைக் குடித்தாலும் அது அவர்களைச் சேதப்படுத்தாது, வியாதியஸ்தர்மேல் கைகளை வைப்பார்கள், அப்பொழுது அவர்கள் சொஸ்தமாவார்கள்."

ஞாயிறு பள்ளியில் எங்களுக்கு இது மனப்பாட வசனம். எட்டு வயதில் நான் எழுந்து கேட்டேன், "சார், சர்ப்பம்னா பாம்புதானே? நம்ம சபையில யாரு எடுப்பா?" வாத்தியார் நல்லவர். கொஞ்சம் யோசித்துவிட்டு, "சர்ப்பம்னா இங்க சாத்தான்டே. ஆவிக்குரிய அர்த்தத்துல எடுக்கணும்" என்றார். சரி என்று உட்கார்ந்துவிட்டேன். ஆனால் பிசாசைத் துரத்துவதை நாங்கள் அப்படியே எடுத்துக்கொண்டோம். பாஷை பேசுவதையும், வியாதியஸ்தர்மேல் கைவைப்பதையும் அப்படியே எடுத்துக்கொண்டோம். ஐந்து அடையாளத்தில் மூன்றை எழுத்துப்படி எடுத்துக்கொண்டு, நடுவில் உள்ள இரண்டை மட்டும் வேறு விதமாகப் படித்தோம். அந்தக் கேள்வியை என்னைப் போல உட்காரவைக்க முடியாமல் போன ஒருவர் டென்னசி மலைகளில் இருந்தார்.

அவர் பெயர் ஜார்ஜ் வென்ட் ஹென்ஸ்லி. எழுதப் படிக்கத் தெரியாதவர். 1910ஐ ஒட்டிய ஆண்டுகளில் ஒயிட் ஓக் மலைக்குப் போய் ஜெபம் செய்து, அங்கே கண்ட ஒரு கிலுகிலுப்பைப் பாம்பை எடுத்ததாகவும், பிறகு கிராஸ்ஹாப்பர் வேலி என்ற இடத்தில் அதைப் பிரசங்கிக்கத் தொடங்கியதாகவும் சொல்வார்கள். இவர்தான் இதை முதலில் செய்தவரா என்பதில் ஆய்வாளர்களுக்குள் பேச்சு உண்டு. பரப்பியவர்களில் முதன்மையானவர் இவர் என்பதில் இல்லை. டென்னசியின் கிளீவ்லாந்து நகரைத் தலைமையாகக் கொண்ட சர்ச் ஆஃப் காட் என்ற பெந்தெகொஸ்தே சபை முதலில் இவரை ஊழியராக ஏற்றது, பிற்பாடு பாம்பு எடுப்பதிலிருந்தே விலகிக்கொண்டது. ஹென்ஸ்லியின் வாழ்க்கை நேர்கோடாக ஓடவில்லை. நான்கு கல்யாணம். கள்ளச்சாராய வழக்கில் தண்டனை, காவலிலிருந்து தப்பி ஓட்டம், மறுபடியும் பிரசங்கம். 1955 ஜூலையில் ஃபுளோரிடாவில் ஒரு கூட்டத்தில் பாம்பு அவரைக் கடித்தது. வைத்தியம் வேண்டாம் என்றார். மறுநாள் இறந்துபோனார். அவருடைய சாவை அந்த ஊர் அதிகாரிகள் தற்கொலை என்று பதிவு செய்தார்கள். வாழ்நாளெல்லாம் ஒரு வசனத்துக்குக் கீழ்ப்படிவதாக நம்பிய மனிதருக்கு அந்தச் சொல் பொருந்தவில்லை என்று எனக்குப் படுகிறது.

உலகத்தில் உள்ள கோடிக்கணக்கான பெந்தெகொஸ்தேக்காரர்களில் பாம்பு எடுப்பவர்கள் ஒரு கைப்பிடி. அப்பலாச்சிய மலைத்தொடரை ஒட்டிய கென்டக்கி, டென்னசி, மேற்கு வர்ஜீனியா, அலபாமா, ஜார்ஜியா போன்ற மாநிலங்களில், ஒரு தலைமையின் கீழும் வராத சின்னச் சின்னச் சபைகள். மற்ற பெந்தெகொஸ்தே சபைகள் இவர்களைச் சொந்தம் கொண்டாடுவதில்லை. 'உன் தேவனாகிய கர்த்தரைப் பரீட்சை பாராதிருப்பாயாக' என்ற வசனத்தை எடுத்துக் காட்டுவார்கள். இன்னொரு வாதமும் உண்டு. மாற்கு சுவிசேஷத்தின் இந்தக் கடைசிப் பகுதி, 9 முதல் 20 வரையான வசனங்கள், நான்காம் நூற்றாண்டைச் சேர்ந்த மிகப் பழைய இரண்டு கையெழுத்துப் பிரதிகளில் இல்லை. பின்னால் யாரோ சேர்த்தது என்பதே பெரும்பாலான அறிஞர்களின் கருத்து. இதைத் தெரிந்துகொண்ட அன்று எனக்குத் தலை சுற்றியது. யாரோ ஒரு பெயர் தெரியாத எழுத்தர் சேர்த்த வரி, பதினேழு பதினெட்டு நூற்றாண்டு கழித்து ஒரு மலைக்கிராமத்தில் ஒருவர் கையை வீங்கவைக்கிறது.

ஆனால் அந்தச் சபைக்காரர்கள் வசனத்தைப் படிக்கும் விதத்தைக் கவனித்தபோது, அவர்களை விவரம் தெரியாதவர்கள் என்று தள்ளிவிட முடியவில்லை. அவர்கள் சொல்வது இலக்கணம். நம் தமிழ் வேதாகமத்திலும் அது தெளிவாகவே இருக்கிறது. 'எடுப்பார்கள்' என்றுதான் இருக்கிறது, 'எடுத்தால்' என்று இல்லை. விஷம் குடிப்பதைப் பற்றி வரும்போது மட்டும் 'குடித்தாலும்'. ஆகவே குடிப்பது நிபந்தனை, எடுப்பது கட்டளை என்பது அவர்கள் வாதம். விஷம் குடிப்பவர்கள் அவர்களிலும் குறைவு. 1973ல் டென்னசியின் கார்சன் ஸ்பிரிங்ஸ் சபையில் ஸ்டிரிக்னைன் குடித்து இரண்டு பேர் இறந்துபோனார்கள். நான் பல வருடம் கவனிக்காமல் விட்ட இன்னொன்றும் இருக்கிறது. 'அது அவர்களைச் சேதப்படுத்தாது' என்ற வாக்குறுதி குடிப்பதோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது, பாம்போடு இல்லை. பாம்பு கடிக்காது என்று அந்த வசனம் எங்கேயும் சொல்லவில்லை. கடித்தால் சாகமாட்டாய் என்றும் சொல்லவில்லை. எடுப்பார்கள். அத்தோடு முடிந்தது.

இதைப் புரிந்துகொண்ட பிறகுதான் அந்தப் போதகரின் முகம் எனக்கு விளங்கியது. முதல் தடவை பார்த்தபோது அவர் ஏமாந்து நிற்கிறார் என்று நினைத்தேன். கையை விட்ட நம்பிக்கை, கையிலேயே தெரிகிறது என்று. இல்லை. அவருக்கு யாரும் வாக்குக் கொடுக்கவில்லை, அதனால் வாக்கு பொய்க்கவும் இல்லை. வலிக்கிறது, அது அப்பட்டமாகத் தெரிகிறது. வலியை அவர் மறைக்கவும் இல்லை, பெரிதுபடுத்தவும் இல்லை. வெயிலில் வேலை செய்கிறவன் காலில் முள் குத்தினால் நின்று பார்ப்பானே, அப்படி ஒரு பார்வை.

அந்த இடத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஸ்கிராபிள் கிரீக் இருப்பது ஃபாயெட் கவுன்டியில், கௌலி பிரிட்ஜ் என்ற சிற்றூருக்குப் பக்கத்தில். நிலக்கரிச் சுரங்க நாடு. அந்த ஊர்ப் பெயரை நான் வேறொரு இடத்தில் படித்திருக்கிறேன். 1930ல் அங்கே மலையைக் குடைந்து ஹாக்ஸ் நெஸ்ட் என்ற நீர்ச்சுரங்கம் வெட்டினார்கள். பாறை முழுக்கச் சிலிக்கா. முகமூடி கொடுக்காமல், தூசி அடங்கத் தண்ணீர் தெளிக்காமல் தோண்டவைத்தார்கள். நூற்றுக்கணக்கானவர்கள் நுரையீரலில் தூசி படிந்து செத்தார்கள். அதிகமும் வேலை தேடித் தெற்கிலிருந்து வந்த கறுப்பினத் தொழிலாளிகள். வேலை நடந்தது யூனியன் கார்பைடு நிறுவனத்துக்காக. போபாலுக்கு ஐம்பது வருடம் முந்தைய கதை. சுரங்கத்துக்குள் போகும் மனிதன் தினமும் சாவின் வாயில் கையை விட்டுத்தான் கூலி வாங்குகிறான், அதை யாரும் பைத்தியம் என்று சொன்னதில்லை. அதனால்தான் அந்த மக்கள் பாம்பு எடுத்தார்கள் என்று கோடு போட்டு இழுக்க எனக்கு விருப்பமில்லை. பக்தியை வறுமைக்குள் அடக்கிவிடும் விளக்கங்கள் எங்கள் சபையைப் பற்றியும் நிறைய எழுதப்பட்டிருக்கின்றன, எதுவும் எனக்கு நிறைவு தந்ததில்லை. ஆனால் சாவை வீட்டுக்கு வெளியே வைத்துப் பூட்டிக்கொள்ள வசதி இல்லாத ஊர் அது என்பது மட்டும் உண்மை.

அந்தச் சபையையே நேத்தன் ஜெரார்ட் என்ற சமூகவியலாளர் அறுபதுகளில் பல ஆண்டுகள் போய்வந்து ஆராய்ந்தார். பாம்பு எடுப்பவர்களுக்கும், பக்கத்தில் இருந்த வழக்கமான புரோட்டஸ்டன்ட் சபைக்காரர்களுக்கும் ஒரே மனநலச் சோதனையை வைத்து ஒப்பிட்டுப் பார்த்தார்கள். மனநோய் தெரியும் என்று எதிர்பார்த்தவர்களுக்கு அப்படி ஒன்றும் கிடைக்கவில்லை. வயதானவர்கள் விஷயத்தில் நிலைமை தலைகீழாக இருந்தது. வழக்கமான சபையின் முதியவர்களிடம்தான் மனச்சோர்வு அதிகம். பாம்பு எடுக்கும் சபையின் முதியவர்கள் சாவைப் பற்றி அவ்வளவு கலங்கவில்லை. படத்தில் ஆராதனைக் காட்சிகளைப் பார்த்தால் இது புரியும்.

பாம்பு ஏன் எப்போதும் கடிப்பதில்லை என்று நண்பர்கள் கேட்பார்கள். பல் பிடுங்கியதா, பழக்கிய பாம்பா என்று. பிடுங்கியது இல்லை. அந்த மலைக்காட்டில் கிடைக்கும் கிலுகிலுப்பைப் பாம்பும் செம்புத்தலை விரியனும்தான். இரண்டும் விரியன் குடும்பம். விரியன் கடித்தாலும் ஒவ்வொரு முறையும் விஷத்தை இறக்குவதில்லை, வெறுங்கடியும் உண்டு. பெட்டியில் நாள்கணக்கில் கிடக்கும் பாம்பு சரியான தீனியும் தண்ணியும் இல்லாமல் தளர்ந்திருக்கும் என்று பாம்பு வளர்ப்பவர்கள் சொல்கிறார்கள். இதெல்லாம் ஒரு பகுதி உண்மையாக இருக்கலாம். ஆனால் நீண்ட காலம் எடுத்தவர்களில் கடிபடாதவர்களைக் காண்பது அரிது. மடங்கிப்போன விரல், பாதி விரல், சதை கருகிப் போன புறங்கை இவர்களிடம் சாதாரணம். இந்த நூறு வருடத்தில் ஏறக்குறைய நூறு பேர் இறந்திருக்கிறார்கள் என்று கணக்கிடுகிறார்கள்.

விரியன் கடியைக் கண்ணால் பார்த்திருப்பவர்களுக்கு அந்த வீக்கம் என்னவென்று தெரியும். எங்கள் ஊரில் கண்ணாடி விரியன். கடித்த இடம் முதலில் எரியும். கொஞ்ச நேரத்தில் தோல் இறுகிப் பளபளவென்று ஆகும். விரல்கள் ஒன்றை ஒன்று தள்ளிக்கொண்டு விரியும், மோதிரம் இருந்தால் வெட்டித்தான் எடுக்க வேண்டும். வீக்கம் மணிக்கட்டைத் தாண்டி முழங்கைக்கு ஏறும். கறுப்பு வெள்ளைப் படத்தில் நிறம் தெரியாது. எனக்கு நிறம் தெரிந்தது.

2014 பிப்ரவரி 15 அன்று கென்டக்கியின் மிடில்ஸ்பரோவில் ஜேமி கூட்ஸ் என்ற போதகர் இப்படித்தான் போனார். தொலைக்காட்சித் தொடரில் வந்து பலருக்கும் அறிமுகமானவர். அதற்குப் பல வருடம் முன்பே ஒரு கடியில் விரலில் ஒரு பகுதியை இழந்தவர். அன்று வலது கையில் கடிபட்டதும் வீட்டுக்குப் போனார். ஆம்புலன்ஸ் வந்தது, வேண்டாம் என்று திருப்பி அனுப்பினார்கள். இரவில் உயிர் பிரிந்தது. அவருடைய மகன் சபையை ஏற்றுக்கொண்டார், பாம்பையும் ஏற்றுக்கொண்டார். 2018ல் ஆராதனை நடக்கும்போது மகனையும் கடித்தது. அதுவும் ஓர் ஆவணப்படக் கேமராவின் முன்னால். என்னை மலை உச்சிக்குத் தூக்கிக்கொண்டு போங்கள் என்று அவர் கேட்டாராம். உடனிருந்தவர்கள் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போனார்கள். பிழைத்துக்கொண்டார். அவரைத் தூக்கிப் போனவர்களும் அதே சபை விசுவாசிகள்தான். அவர்களை நினைத்தால் எனக்கு மனம் நிறைகிறது.

எல்லாக் கதையும் அப்படி முடிவதில்லை. தொண்ணூறுகளில் ஒரு தம்பதி. 1995ல் மனைவி கடிபட்டு இறந்தார். மூன்று வருடம் கழித்து, 1998ல், அலபாமாவில் பிரசங்கம் செய்துகொண்டிருக்கும்போதே கணவர். ஐந்து பிள்ளைகள் தாய் தகப்பன் இல்லாமல் நின்றார்கள், இரண்டு பக்கத்துத் தாத்தா பாட்டிகளும் அவர்களுக்காக நீதிமன்றம் போனார்கள். பெரும்பாலான சபைகளில் சிறுவர்கள் கையில் பாம்பைக் கொடுப்பதில்லை, வயது வந்தவர்கள் மட்டும்தான் எடுக்கிறார்கள். அது நல்ல கட்டுப்பாடு. ஆனால் அப்பாவும் அம்மாவும் எடுக்கும்போது பிள்ளைகள் கையிலும் அது இருக்கிறது என்றுதான் நான் நினைக்கிறேன். இந்த ஒரு இடத்தில் எனக்கு அவர்களோடு சமாதானம் இல்லை.

சட்டம் போட்டுத் தடுக்கப் பார்த்தார்கள். கென்டக்கியில் 1940லேயே தடை வந்தது, அபராதம் ஐம்பதிலிருந்து நூறு டாலர். டென்னசியில் 1947ல். அங்கே 1975ல் மாநில உச்ச நீதிமன்றமும் தடையை உறுதி செய்தது. மேற்கு வர்ஜீனியா மட்டும் தடுக்கவே இல்லை. 1961ல் ஜோலோ என்ற ஊரில் இருபதுகளில் இருந்த ஒரு பெண் இறந்தபோது அங்கேயும் ஒரு மசோதா வந்து, நிறைவேறாமல் போனது. இறந்த பெண்ணின் தாயே அதன்பிறகும் அந்தச் சபையில் தொடர்ந்தார், பாம்பும் எடுத்தார். பெற்ற மகளைக் கொடுத்தவரிடம் எந்தச் சட்டத்தை நீட்டுவது?

இனி என் பெரியம்மாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். படத்தை நான் திரும்பத் திரும்பப் பார்ப்பதற்கு அவள்தான் காரணம்.

பெரியம்மாவுக்குச் சர்க்கரை. நாற்பது வயதிலிருந்தே மாத்திரை. நான் பிளஸ் டூ படித்துக்கொண்டிருந்த வருடம் உபவாச ஜெபத்துக்கு ஓர் ஊழியர் வந்தார். ஊரையும் பெயரையும் சொல்ல விரும்பவில்லை. மூன்றாம் நாள், மருந்தை நம்புகிறவன் மருந்துக்காரன், கர்த்தரை நம்புகிறவன் விசுவாசி என்று பிரசங்கித்தார். பெரியம்மா மறுநாள் மாத்திரை அட்டைகளை எல்லாம் ஒரு மஞ்சப்பையில் போட்டுக் கொண்டுபோய் அவர் காலடியில் வைத்துச் சாட்சி சொன்னாள். சபையே ஸ்தோத்திரம் என்று முழங்கியது. நானும்தான் சொன்னேன்.

ஐந்தாறு மாதம் நன்றாகத்தான் இருந்தாள். அப்புறம் தேரிக்காட்டில் விறகு பொறுக்கப் போனபோது உடைமுள் ஒன்று செருப்பைத் தாண்டிப் பெருவிரலில் ஏறிவிட்டது. முள்ளை எடுத்துவிட்டு மஞ்சள் வைத்துக் கட்டினாள். ஆறவில்லை. விரல் வீங்கியது, பிறகு பாதம். ஒரு நாள் சாயங்காலம் நான் போயிருந்தபோது காலைப் பித்தளைச் சட்டித் தண்ணீரில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். தோல் இறுகிப் பளபளவென்று இருந்தது. பெருவிரல் ஓரம் கறுக்கத் தொடங்கியிருந்தது.

"பெரியம்மா, மாத்திரை போடுதீங்களா?" என்று கேட்டேன், போடவில்லை என்று தெரிந்தேதான்.

"கர்த்தர் பாத்துக்கிடுவாரு மக்கா. நீ போயி படி."

ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனபோது நேரம் கடந்துவிட்டது. முழங்காலுக்குக் கீழே எடுத்தார்கள். நாலு மாதம் இருந்தாள். அந்த நாலு மாதத்தில் நடந்ததைத்தான் என்னால் இன்றுவரை மறக்க முடியவில்லை. சபையில் பேச்சு மாறிவிட்டது. விசுவாசக் குறைச்சல் என்றார்கள். அறிக்கையிடாத பாவம் ஏதோ இருக்கிறது என்றார்கள். ஆஸ்பத்திரிக்குப் போனதே அதற்குச் சாட்சி என்று ஒருவர் வெளிப்படையாகச் சொன்னார். முதலில் பழமும் ரொட்டியும் வாங்கிக்கொண்டு வந்தவர்கள் மெல்ல வருவதை நிறுத்தினார்கள். யாராவது வருவார்களா என்று வாசலையே பார்த்துக்கொண்டிருப்பாள். ஒரு நாள் என்னிடம் கேட்டாள், "எனக்கு விசுவாசம் காணாதோடே?" நான் பதினேழு வயசுப் பயல். என்ன சொல்லத் தெரியும்? தலையணையைச் சரி செய்துவிட்டு வந்தேன்.

காலை விட இந்தக் கேள்விதான் அவளைக் கொன்றது என்று நான் நம்புகிறேன். வசனம் தராத ஒரு வாக்கை அவளுக்கு மனிதர்கள் கொடுத்தார்கள். அது பொய்த்தபோது பழியையும் அவள் தலையிலேயே வைத்தார்கள்.

இதனால்தான் அந்தப் போதகர் முன்னால் என்னால் கோபப்பட முடியவில்லை. பாம்பு எடுக்கும் சபைகளைப் பற்றித் தேடித் தேடிப் படித்தேன். கடிபட்டவரைப் பற்றி அங்கேயும் பேச்சு உண்டு. அபிஷேகம் வருமுன் அவசரப்பட்டு எடுத்துவிட்டார் என்று சொல்பவர்கள் இருக்கிறார்கள். ஆனால் பொதுவாக ஓங்கி நிற்பது வேறு குரல். வசனத்துக்குக் கீழ்ப்படிந்தார், அவர் நேரம் வந்தது, போனார். பாம்பு கடிக்கும், கடித்தால் சாகலாம் என்பதை அங்கே ஒருவருக்கொருவர் மறைப்பதில்லை. பெட்டிக்குள் சாவு இருக்கிறது என்று பெட்டியைத் திறக்குமுன்பே சொல்லிவிடுகிறார்கள். ஆஸ்பத்திரிக்குப் போவதா வேண்டாமா என்பதைப் பல சபைகளில் கடிபட்டவர் முடிவுக்கே விட்டுவிடுகிறார்கள், போனவரைத் தள்ளி வைப்பதில்லை. அவர்கள் செய்வது சரி என்று நான் சொல்லவில்லை. என் வீட்டில் யாராவது பாம்பு எடுக்கப் போனால் கதவைப் பூட்டிச் சாவியை வைத்துக்கொள்வேன். ஆனால் என் பெரியம்மாவுக்குக் கிடைக்காத ஒரு நேர்மை அந்த அறையில் இருக்கிறது. அந்தப் போதகரின் கை வீங்குவதை எல்லோரும் பார்க்கிறார்கள். யாரும் முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை. யாரும் அவரிடம் கணக்குக் கேட்கவில்லை.

பார்க்கும் எல்லோரும் முதலில் பாம்பைத்தான் பார்க்கிறார்கள். நானும் அப்படித்தான். இணையத்தில் அந்தப் படத்திலிருந்து வெட்டி எடுத்துப் போடும் துண்டுகளிலும் பாம்பு மட்டும்தான் இருக்கும், மேலே சிரிப்பதற்கு ஒரு வரி. தயவுசெய்து முழுப் படத்தையும் பாருங்கள். பாம்பு வருவதற்கு முன்னால் அந்த மக்கள் பேசுவதைக் கேளுங்கள்.

போன கிறிஸ்துமஸுக்கு ஊருக்குப் போயிருந்தபோது அம்மாவுக்கு லேப்டாப்பில் போட்டுக் காட்டினேன். இப்போது அவளுக்கு எழுபத்தொன்று. பெரியம்மாவின் நேர் தங்கை. ஆராதனைக் காட்சி வந்ததும் பாட்டுக்கு ஏற்றபடி அவள் விரல் தொடையில் தாளம் போட ஆரம்பித்தது. பாம்பு வந்தபோது "ஏசப்பா" என்றாள், ஆனால் எழுந்து போகவில்லை. கடைசியில் அந்தக் கை வந்தது. குனிந்து, கண்ணாடியை மூக்கில் ஏற்றிக்கொண்டு, கூர்ந்து பார்த்தாள். படம் முடிந்து திரை இருண்ட பிறகும் அப்படியே இருந்தாள்.

"ஏய்யா, அந்த மனுசனுக்கு ராத்திரி யாரு தொணை இருந்தா?"

படத்தில் அது இல்லை என்றேன். ஆனால் இந்தச் சபைகளில் ஒருவருக்குக் கடிபட்டால் மற்றவர்கள் அவர் வீட்டுக்குப் போய்க் கட்டிலைச் சுற்றி உட்கார்ந்து ஜெபம் செய்வார்கள், விடிய விடிய இருப்பார்கள் என்று படித்ததைச் சொன்னேன்.

அம்மா கண்ணாடியைக் கழற்றி முந்தானையில் துடைத்தாள்.

"அக்காவுக்கு நான் ஒருத்திதான் இருந்தேன்" என்றாள்.